மகன் கட்டிய இடத்துக் கோடி

"பொறந்த வீட்டுக் கோடி வந்தாச்சு. மகளக் குடுத்த எடத்துக் கோடி வந்தாச்சு. மகன் கட்டுன எடத்துக் கோடி எங்கப்பா? சீக்கிரம் வாங்க லா, வெயிலு ஏறுது."

என் தாயாரின் மறைவைப் பற்றி எழுதாமல், மூன்று வாரங்களாக இத்தொடரில் வேறு செய்திகளைச் சொல்லிக் காலம் கடத்திவிட்டேன். எங்கே தொடங்குவது என்பதில் எனக்குத் தெளிவில்லை. வீராசாமி அண்ணனின் அந்தக் குரலில்தான் தொடங்க வேண்டும் என்று இப்போது தோன்றுகிறது.

காலை பத்து மணி இருக்கும். எங்கள் வரிசை வீட்டின் முன்னால், தெருவில் பாதியை அடைத்து நீலக் கூடாரம் போட்டிருந்தார்கள். பாசிர் கூடாங் ஆலைகளின் பக்கமிருந்து காற்று திரும்பும்போது வரும் இலேசான நெடி அன்றும் வந்தது. ஊதுவத்திப் புகை அதை முழுமையாக மறைக்கவில்லை. நீர்மாலை எடுத்துவந்த ஈர வேட்டியுடன் நான் தாயாரின் தலைமாட்டில் நின்றிருந்தேன். வேட்டி நுனியிலிருந்து சொட்டிய நீர் தரையில் ஒரு சிறு வட்டமாகியிருந்தது. அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

இளையவர் பலர் அறியாதிருக்கக்கூடும் என்பதால் இவ்வழக்கத்தை விளக்கிவிடுகிறேன். இறந்தவரின் உடல்மேல் போர்த்தும் புதுத்துணிக்குக் கோடி என்று பெயர். அதை எல்லாரும் கொண்டுவர இயலாது. இறந்தவர் பெண்ணாயின் முதலில் அவருடைய பிறந்த வீட்டார் கொண்டுவருவர். அடுத்து, அவருடைய மகளைக் கொண்ட வீட்டாரும் மகனுக்குப் பெண் கொடுத்த வீட்டாரும். நண்பரும் அண்டை அயலாரும் மாலை போடலாம், கோடி போடலாகாது. மாலை துக்கத்தைக் காட்டுவது. கோடி உறவை அறிவிப்பது.

வீராசாமி அண்ணன் எங்கள் குடியிருப்பில் சாவுச் சடங்குகளை முன்னின்று நடத்துபவர். லாரி ஓட்டி ஓய்வு பெற்றவர். யாருக்கு யார் என்ன முறை என்பது அவருக்கு மனப்பாடம். என் ஒருவனைப் பற்றி மட்டும் பழக்கத்தில் தவறிவிட்டார்.

"அண்ணே, வாத்தியாருதான் கல்யாணமே கட்டிக்கலையே," என்று கூட்டத்தில் யாரோ நினைவூட்டினார்கள்.

"அலமாக், ஆமா லா. தனிக்கட்டை. சரி, அந்தக் கோடி கெடையாது. அடுத்தது வாய்க்கரிசி..."

அப்போதுதான் க்வாமே கூடாரத்துக்குள் வந்தார்.

இரவுப் பணி முடிந்து நேரே வந்திருந்தார். ஆலையின் கனத்த காலணிகளைக் கூடார ஓரத்தில் கழற்றி, இரண்டையும் ஒழுங்காகச் சேர்த்து வைத்தார்.  நாற்காலி வரிசைகளின் நடுவே நடந்து வந்தவர், கையிலிருந்த துணிக்கடைப் பையைத் திறந்து மாம்பழ நிறச் சேலை ஒன்றை எடுத்தார். இரு கைகளிலும் அதை ஏந்தியபடி வீராசாமி அண்ணனின் முன் நின்றார்.

அண்ணன் சேலையைப் பார்த்தார், க்வாமேயைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார்.

"தம்பி, இவரு யாரு? என்ன மொற?"

கருநீர்

அவருக்கு நான் சொன்ன விடையை எழுதுவதற்கு முன், சொல்லியிருக்க வேண்டிய விடை யாது என்பதைச் சொல்ல வேண்டும்.

க்வாமே கானா நாட்டவர். அவருடைய கடவுச்சீட்டில் உள்ள பெயர் வேறு. சனிக்கிழமை பிறந்த ஆண்மக்களுக்கு அவருடைய இனத்தார் இடும் பொதுப்பெயர் இது. ஆதலால் இங்கே இதை எழுதிக்கொள்ள அவரே இசைந்தார். படிக்க வந்து, படிப்பு முடிந்ததும் பாசிர் கூடாங்கில் குழாய்களின் பற்றவைப்பைச் சோதிக்கும் பணியில் அமர்ந்தவர். என்னைவிடப் பத்து வயது இளையவர்.

அவரை நான் முதலில் கண்டது ஆயர் ஈத்தாமில். பன்னிரண்டு ஆண்டுகள் இருக்கலாம். கூடக் குறையவும் இருக்கலாம். கோலாலம்பூரிலிருந்து நான் வந்த பேருந்து அங்கே நின்றது. சாலையோர மண்பாண்டக் கடையில் ஒரு கருத்த மனிதர், பூச்சாடியில் நீரை ஊற்றி, அதைத் தலைக்கு மேலே தூக்கி அடிப்புறத்தை உற்று நோக்கிக்கொண்டிருந்தார். கடைக்காரச் சீன அம்மையார் மலாயில் அவரைத் திட்டிக்கொண்டிருந்தார்.

"இது கசியுமா?" என்று அவர் என்னைக் கேட்டார். நாங்கள் பேசிக்கொள்வது ஆங்கிலத்தில். இங்கே தமிழாக்கித் தருகிறேன்.

"நான் மொழியாசிரியன். எனக்குப் பானை தெரியாது."

"இரும்பில் மயிரிழைத் துளை இருந்தாலும் கண்டுபிடித்துவிடுவேன். மண் என்னை ஏமாற்றுகிறது."

சாடியின் நீர் அவருடைய சட்டையில் வழிந்தது. சட்டை செந்தூரமும் ஆழ்நீலமும் கலந்தது. அவ்வளவு நிறத்தை ஓர் ஆடவர் உடுத்தி அதுவரை நான் கண்டதில்லை. பேருந்து என்னை விட்டுப் போய்விட்டது. அவருடைய காரில்தான் ஊர் வந்து சேர்ந்தேன்.

ஆயர் ஈத்தாம் எனும் மலாய்ப் பெயருக்குக் கருநீர் என்பது பொருள். அந்த நிறம் என்னை விடாமல் பின்தொடர்ந்தது. நான் வளர்ந்த ரப்பர்த் தோட்டத்தில் எனக்குக் 'கருவாயன்' என்று பெயர். பள்ளி நாடகத்தில் ஒவ்வோர் ஆண்டும் எமன் வேடம் எனக்கே. ஒப்பனைச் செலவு மிச்சம் என்றார்கள். சிறு வயதில் என் அத்தை ஒருவர் வெள்ளிதோறும் மஞ்சள் அரைத்து என்னைத் தேய்த்துக் குளிப்பாட்டினார். ஒருநாள் கை ஓய்ந்து சொன்னார்:

"எத்தன மஞ்சள் தேச்சாலும் இவன் ஒடம்புல தெரியவே மாட்டேங்குதடி."

அம்மா அடுப்படியிலிருந்தே மறுமொழி கூறினார்: "தெரிஞ்சு என்ன ஆவப்போவுது? அவன் என்ன மாரியம்மனா?"

அத்துடன் அந்த மஞ்சள் குளியல் நின்றது.

இரு கருப்பர்

க்வாமேக்கு வீடு தேடிய நாள்களில் ஒன்றைக் கற்றேன். தொலைபேசியில் காலியாக இருந்த வீடுகள், அவர் நேரில் சென்றதும் நிறைந்துவிட்டன. அவரைக் கண்டதும் பிள்ளைகளை உள்ளே அழைத்துக்கொண்ட வீடுகளும் உண்டு. கடைசியில் நானே ஒரு தரகரிடம் சென்றேன். தமிழர், என்னைவிட ஒரு சாயல் கூடுதலாகவே கருத்தவர்.

"சார், உங்களுக்குன்னா இப்பவே சாவி தர்றேன். இந்தக் கருப்பு ஆளுங்களுக்கு மட்டும் குடுக்கறதில்ல. ஓனரு பயப்படுறாரு."

க்வாமே காரில் காத்திருந்தார். தரகர் சொன்னதை மொழிபெயர்த்ததும் சிரிக்கத் தொடங்கியவர், மாசாய் ஊர் வரும்வரை நிறுத்தவில்லை. நானும் சிரித்தேன். நானும் கருப்பன்தான், ஆனால் இந்நாட்டுக் கருப்பன். ஒப்பந்தத்தில் என் பெயரை எழுதிக் கையொப்பமிட்டேன். எங்களுக்கிடையில் இருப்பதற்கு அந்த வாடகை ஒப்பந்தத்தைத் தவிர வேறு தாள் எதுவுமில்லை. இந்நாட்டுச் சட்டம் எங்களைப் போன்றோரைப் பற்றி என்ன சொல்கிறது என்பதை வாசகர் அறிவர். நானும் அறிவேன்.

நான் பணிக்காலம் முழுதும் வெள்ளைச் சட்டையே அணிந்தவன். தேர்ந்தெடுத்து அணிந்தேன், எவருடைய கண்ணிலும் தங்காத நிறம் அது. க்வாமே ஒருமுறை என் அலமாரியைத் திறந்து பார்த்துவிட்டுச் சொன்னார்:

"யாரும் பார்த்துவிடக்கூடாது என்று உடுத்துகிறாய். நான் எதை உடுத்தினாலும் பார்க்கத்தான் போகிறார்கள். ஆகவே, எதைப் பார்ப்பது என்பதை நான் முடிவு செய்கிறேன்."

அவருடைய கைகளைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். எந்தப் பொருளைத் தொட்டாலும் கட்டைவிரலை அதன் விளிம்பின்மேல் மெல்ல ஓட்டுவார். தொழில் கொடுத்த பழக்கம். மேசை, கோப்பை, கதவுச் சட்டம் ஆகிய எதுவும் அவ்விரலுக்குத் தப்பாது. ஒருநாள் அது என் கழுத்தெலும்பின்மேல் ஊர்ந்து ஓரிடத்தில் நின்றது.

"இங்கே ஒரு பற்றவைப்பு இருக்கிறது."

எட்டு வயதில் கால்வாய்ப் பாலத்திலிருந்து விழுந்து எலும்பு முறிந்த இடம் அது. அதுவரை ஒரு மருத்துவரும் கேளாமல் அதைக் கண்டுபிடித்ததில்லை.

சனிக்கிழமை

அம்மாவும் நானும் ஒரே வீட்டில் இருந்தோம். க்வாமே பத்து நிமிடத் தொலைவில் இருந்தார். சனிக்கிழமைதோறும் வருவார். அவர் பெயரின் பொருளைக் கேட்டறிந்த நாள்முதல் அம்மா அவரைக் கிழமையின் பெயராலேயே குறித்தார்.

"ஏண்டா, சனிக்கெழம வந்துட்டானா? மீனுக் கொழம்பு ஆறுது."

"சனியைப் போய் யாராவது ஆசையாகக் கூப்பிடுவார்களா, அம்மா?"

"புடிச்சா ஏழர வருசந்தான். இவன் அதையும் தாண்டிட்டான்."

அவர்கள் இருவரும் மலாயில் உரையாடினார்கள். அம்மாவின் மலாய் தோட்டத்து மலாய். க்வாமேயின் மலாய் ஆலை மலாய். இரண்டிலும் இலக்கணம் இல்லை. க்வாமே அம்மாவை 'மாக்' என்று, அதாவது அம்மா என்று, அழைப்பார். இருவரும் வாசலில் அமர்ந்து முருங்கைக் கீரை ஆய்வார்கள். நான் உள்ளே அமர்ந்து விடைத்தாள் திருத்திக்கொண்டிருப்பேன். என்ன பேசுகிறார்கள் என்று ஒருநாளும் காதுகொடுத்ததில்லை. பிறருடைய பேச்சை ஒட்டுக்கேட்பது முறையன்று என்று கருதியிருந்தேன். உண்மையில், கேட்டால் ஏதேனும் தெரிந்துவிடுமோ என்று அஞ்சியிருக்கிறேன்.

அம்மா என்னிடம் ஒருபோதும் எதையும் கேட்கவில்லை. எனக்கு ஐம்பது வயதான பிறகும் திருமணப் பேச்சை எடுத்த உறவினர்களிடம், "அவனுக்கு ஒண்ணும் கொறச்சல் இல்ல, நீங்க ஒங்க வேலையப் பாருங்க," என்பார். அதை ஒரு தாயின் வீம்பு என்றே எடுத்துக்கொண்டேன்.

கூட்டாளி

மீண்டும் கூடாரத்துக்கு வருவோம். சேலை க்வாமேயின் கைகளில் இருந்தது. வீராசாமி அண்ணன் கேட்டுவிட்டு விடைக்காக நின்றார். பொந்தியானிலிருந்து வந்திருந்த என் அக்காள் சரோஜா தாயாரின் கால்மாட்டில் அமர்ந்திருந்தார். அவருடைய கணவர், நான் மாமா என்றழைப்பவர், முன் வரிசை நாற்காலியிலிருந்து பாதி எழுந்திருந்தார்.

முப்பது ஆண்டுகளுக்கு மேலாக மாணவர்களுக்குப் பொருத்தமான சொல்லைத் தேர்ந்தெடுக்கச் சொல்லிக்கொடுத்தவன் நான்.

"கூட்டாளி," என்றேன்.

எங்கள் பேச்சில் கூட்டாளி என்றால் நண்பன். அதற்குமேல் ஒன்றுமில்லை.

வீராசாமி அண்ணனுக்கு நிம்மதி. "ஓ, கூட்டாளியா! வாங்க, வாங்க. பாவம், பழக்கம் தெரியாம கோடி எடுத்துட்டு வந்துட்டாரு. கூட்டாளின்னா மாலதான் போடணும். யாருப்பா அங்க, ஒரு மால குடுங்க அவருக்கு."

"ஊருல எங்க பார்த்தாலும் இந்த ஆளுங்கதான்," என்று மாமா தமக்குள் சொல்வதுபோல எல்லாருக்கும் கேட்கச் சொன்னார்.

யாரோ க்வாமேயின் கைகளிலிருந்து சேலையை வாங்கி ஒரு காலி நாற்காலியில் வைத்தார்கள். யாரோ மாலை கொடுத்தார்கள். அவர் அதை அம்மாவின் மார்பில் வைத்து, விளிம்பைக் கட்டைவிரலால் ஒருமுறை நீவிச் சரிசெய்தார். என்னைப் பார்க்கவில்லை. வாய்க்கரிசிக்கு உறவுமுறை சொல்லி ஒவ்வொருவராக அழைத்தபோது அவர் கடைசி வரிசையில் நின்றிருந்தார். சுடலைக்குப் புறப்பட்ட வண்டியில் அவருக்கு இடமில்லை. இடமில்லை என்று யாரும் சொல்லவில்லை. யாரும் ஏறச் சொல்லவுமில்லை.

மாலையில் திரும்பி வந்தபோது கூடாரத்தில் நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். சேலை அதே இடத்தில் இருந்தது. அக்காள் அதை எடுத்துப் பையில் இட்டு என்னிடம் நீட்டினார்.

"கூட்டாளியாடா?" என்றார். அவ்வளவுதான். பதிலுக்குக் காத்திருக்காமல் விளக்கேற்றப் போய்விட்டார்.

எங்கே நிற்பது

அடுத்து வந்த சனிக்கிழமை க்வாமே வரவில்லை. அதற்கடுத்ததும் வரவில்லை. பதினாறாம் நாள் காரியத்துக்கு இரண்டு நாள் இருந்தபோது தொலைபேசியில் அழைத்தேன்.

"வருகிறேன்," என்றார். "எங்கே நிற்க வேண்டும் என்று மட்டும் சொல்."

நான் அதற்கு விடை கூறாமல் வேறொன்றைக் கேட்டேன். பல நாளாக என்னை உறுத்திய கேள்வி அது. அம்மா இறந்தது விடியற்காலையில். இரவுப் பணியிலிருந்து நேரே வந்தவருக்குச் சேலை எப்படிக் கிடைத்தது? எந்தத் துணிக்கடையும் அந்நேரத்தில் திறந்திருக்காதே.

"அது என் அலமாரியில் ஓர் ஆண்டாக இருந்தது. வரும் வழியில் வீட்டில் நுழைந்து அதை மட்டும் எடுத்துக்கொண்டு வந்தேன். நீ தேர்வுப் பணிக்குப் போயிருந்தாயே, ஒரு சனிக்கிழமை? மாக் என்னைக் கடைக்கு அழைத்துப்போகச் சொன்னார். ஒரு மணி நேரம் எல்லாவற்றையும் பிரித்துப் போட்டுப் பார்த்தார். தாமே தேர்ந்தெடுத்தார். என்னிடம் கொடுத்து, 'சிம்பான்,' என்றார்."

சிம்பான் என்றால் பத்திரமாக வைத்திரு என்று பொருள்.

"யாருக்கு என்று கேட்டேன். தமக்குத்தான் என்றார். தாம் எழுந்திருக்காத நாளில் நான்தான் கொண்டுவர வேண்டும், வேறு யாரும் கொண்டுவரக்கூடாது என்றார். ஏன் என்று நான் கேட்கவில்லை. எங்கள் பக்கத்திலும் பிணத்துக்குத் துணி கொண்டுவருவது சம்பந்தம் கொண்டவர்கள்தாம். உங்கள் கூட்டம் நினைத்ததுபோல நான் வழக்கம் தெரியாமல் வரவில்லை."

ஆலையின் சங்கு அவருடைய பக்கத்திலிருந்தும் என் வீட்டுச் சன்னல் வழியாகவும் ஒரே நேரத்தில் கேட்டது.

"என் பக்கத்தில்," என்றேன். "முன் வரிசையில் என் பக்கத்தில் நில்."

"அன்றும் உன் முன்னால்தான் நின்றேன்," என்று சொல்லித் தொடர்பைத் துண்டித்தார்.

வருவாரா, மாட்டாரா என்று இரண்டு நாள் எனக்குத் தெரியவில்லை.

பதினாறாம் நாள்

வந்தார். செந்தூரமும் நீலமும் கலந்த அதே சட்டை, கழுத்துப்பட்டை வெளுத்திருந்தது. நான் கைகாட்டிய இடத்தில் வந்து நின்றார். 

நடுக்கூடத்தில் அம்மாவின் படத்துக்கு முன்னே இலை விரித்துப் படையல் போட்டிருந்தார்கள். மீன் குழம்பு, முருங்கைக் கீரை, வெற்றிலை. இறந்தவர் பெண்ணாயின் படையலில் புதுச்சேலை ஒன்றும் வைப்பது வழக்கம்.

"எல்லாம் ஆச்சு. சேலை எங்க? யாரு வீட்டுச் சேலை?" என்று வீராசாமி அண்ணன் கேட்டார்.

என் அக்காள் ஒரு சேலை கொண்டுவந்திருந்தார். மடியில் வைத்திருந்தார். எடுக்கவில்லை. என்னையே பார்த்தார்.

நான் துணிக்கடைப் பையிலிருந்து மாம்பழ நிறச் சேலையை எடுத்து க்வாமேயின் கைகளில் வைத்தேன். எழுத்திலும் மேடையிலும் நான் பேச்சுவழக்கைக் கலப்பதில்லை என்பதை இவ்வார இதழின் வாசகர் அறிவர். அன்று வாயில் வந்தது அம்மாவின் தமிழ்.

"மகன் கட்டுன எடத்துக் கோடி, அண்ணே. அன்னைக்கே வந்துச்சு. நாந்தான் வாங்கி வைக்கல."

 பின்னாலிருந்த இருவர் எழுந்து வெளியே சென்றனர். பிறகு மேலும் பலர். பந்தியில் அன்று ஏறக்குறைய நாற்பது இலை மிஞ்சியது.

வீராசாமி அண்ணன் என் முகத்தை நெடுநேரம் பார்த்தார். அவருடைய மனத்தில் என்ன ஓடியது என்பதை நான் அறியேன். இன்றுவரை அவர் சொன்னதுமில்லை. தலையைச் சொறிந்துகொண்டார். சடங்கில் ஒரு படி விட்டுப்போனதைக் கண்டவருடைய எரிச்சலோடு கேட்டார்:

"கோடின்னா வெறுமனே வைக்கப்படாது தம்பி. மூலையில மஞ்சள் தொட்டுல்ல வைக்கணும்? மஞ்சள் எங்க?"

மாமா நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார். "வாத்தியாரு பேசற பேச்சா இது? மானம் போவுது. சரோஜா, கெளம்பு."

"மஞ்சக் கிண்ணத்தத் தேடிக்கிட்டு இருக்கேன்," என்றார் அக்காள், தரையைத் துழாவியபடியே. "நீங்க போயி கார்ல உக்காருங்க."

வெளியே கார் முடுக்கும் ஓசை கேட்டது. போய்விட்டார் என்றே எண்ணினேன். பிறகு பார்த்தபோது குளிரூட்டியைப் போட்டுக்கொண்டு அங்கேயே இருந்தார்.

அக்காள் கிண்ணத்தை என்னிடம் தரவில்லை. க்வாமேயிடம் நீட்டி, சேலையின் ஒரு மூலையைப் பிரித்துப் பிடித்து, தமக்குத் தெரிந்த மலாயில், "சினி," என்றார். இங்கே, என்று அதற்குப் பொருள்.

அவர் முதலில் வழக்கம்போலக் கட்டைவிரலைச் சேலையின் விளிம்பில் மெல்ல ஓட்டினார். பிறகு அவ்விரலை மஞ்சளில் தோய்த்து, அக்காள் காட்டிய மூலையில் அழுத்தினார். குனிந்து சேலையைப் படத்தின் முன் வைத்துவிட்டு நிமிர்ந்து, எங்கே துடைப்பது என்று தெரியாமல் விரலை உயர்த்திப் பிடித்தபடி என் பக்கத்தில் நின்றார்.

அந்தக் கருத்த விரலில் மஞ்சள் பளிச்சென்று தெரிந்தது.